சோதனைத் தட்டின் குரல்

பெற்றவர்கள் வைத்த பெயர் பள்ளிக்கூடப் பதிவேட்டோடு நின்றுவிட்டது. தெரிந்தவர்கள் எல்லாருக்கும் அவன் ஊசிதான். பதினாறு வயதில் மாமாவின் ஒலிபெருக்கி வாடகைக் கடையில் வேலைக்குச் சேர்ந்தவன், ரெக்கார்டின் மேல் ஊசியை இறக்குமுன் அதை உதட்டருகே பிடித்து மெல்ல ஊதுவான். பிறகு ஒரு நொடி கண்ணை மூடிக்கொள்வான். ஊதுவது தூசிக்காக. கண்ணை மூடுவது எதற்கென்று மாமாவுக்குப் புரியவில்லை.

"என்னடா, ஊசிக்கு மந்திரம் போடுறியா?"

"இல்ல மாமா. நல்லபடியா பாடணும்னு வேண்டிக்கிறேன்."

"பாடப்போறது அவங்க. வேண்டுதல் உனக்கா?" என்று மாமா சிரித்தார். மறுநாளிலிருந்து கடையில் அவன் பெயர் ஊசி. ஆளும் அப்போது அந்தப் பெயருக்கு ஏற்ற உடம்போடுதான் இருந்தான். இப்போது நாற்பத்தொரு வயதில் வயிறு கொஞ்சம் முன்னால் வந்துவிட்டது. குண்டூசி என்று மனைவி திருத்திக்கொண்டாள்.

மாமாவின் கடையில் ஒரே ஒரு டர்ன்டேபிள். ஒரு பாட்டு முடிந்து அடுத்த ரெக்கார்டைப் போடுவதற்குள் ஆடிக்கொண்டிருந்த கூட்டம் நாற்காலி தேடிப் போய்விடும். அந்த இடைவெளியை அடைக்கத்தான் ஊசி இரண்டாவது டர்ன்டேபிளைக் கேட்டு வாங்கினான். ஒரு காதில் ஹெட்போன், இன்னொரு காதில் மண்டபம். ஓடுகிற பாட்டும் வரப்போகிற பாட்டும் ஒரே நடைக்கு வரும்வரை விரலால் வட்டைத் தள்ளியும் பிடித்தும் காத்திருப்பான். இரண்டும் சேர்ந்து நடக்கத் தொடங்கியதும் ஒன்றை இறக்கி மற்றதை ஏற்றுவான். ஒட்டுப் போட்ட இடம் யாருக்கும் தெரியாது. ரெக்கார்டை முன்னும் பின்னும் இழுத்து அதையே ஒரு வாத்தியமாக வாசிக்கவும் தானாகவே கற்றுக்கொண்டான். ஒரு கடைத் திறப்பு விழாவில் சோப்பு வாங்க வந்தவர்கள் பையைக் கீழே வைக்காமலே ஆடினார்கள் என்பது மாமா கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்த கதை.

பிறகு ராப் பாடுகிறவர்களுக்கு இசை கட்டிக்கொடுக்கும் வேலை வந்தது. பழைய ரெக்கார்டிலிருந்து நாலு நொடித் துணுக்கு ஒன்றை வெட்டியெடுப்பான். அதைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டு, அடியில் தாளம் கட்டி, மேலே சொல் நிற்க இடம் விடுவான். எங்கே இடம் விடவேண்டும் என்று தெரிந்தவன் என்ற பேர் அந்த வட்டாரத்தில் அவனுக்கு உண்டு.

இருபத்தாறாம் வயதில் ஒரு அடி விழுந்தது. அவன் கட்டிக்கொடுத்த இசையை ஒரு பெரிய மனிதர் தன் பெயரில் போட்டுக்கொண்டார். பாட்டு எங்கும் ஒலித்தது. அவன் அம்மா பஸ்ஸில் போகும்போது டிரைவர் பக்கத்து ஸ்பீக்கரில் அது ஓடியிருக்கிறது. அம்மாவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. "இது என் பையன் போட்டதுப்பா" என்று கண்டக்டரிடம் சொல்லியிருக்கிறாள். "எல்லாரோட பையனும்தான் போட்டான். டிக்கெட் எடும்மா" என்றானாம் அவன். வீட்டுக்கு வந்து சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். சொல்லி முடித்ததும் அடுப்படிக்குள் போனவள் வெகுநேரம் வெளியே வரவில்லை.

அன்றைக்கு ஊசி கடவுளுக்கு ஒரு வாக்குக் கொடுத்தான். ஒருவர் குரலையோ வாசிப்பையோ கேட்காமல் எடுப்பதில்லை. எடுத்தால் அவர் பெயரைப் போடாமல் விடுவதில்லை. யாரும் கேட்டு வாங்காத வாக்கு அது. பதினைந்து வருஷமாக அதைத் தவறவிட்டதில்லை என்பதில் அவனுக்கு உள்ளூர ஒரு பெருமிதம். மனிதனுக்கு அந்த அளவு பெருமிதம் இருக்கலாம், கடவுள் கோபித்துக்கொள்ள மாட்டார்.

இப்போது அவன் பெயரை அட்டையில் போட்டு முதல் ரெக்கார்டு வரப்போகிறது. பத்துப் பாட்டு. ஒன்பதுக்கு எல்லாச் சம்மதமும் வாங்கியாயிற்று. பத்தாவது பாட்டு தொண்டையில் சிக்கிய முள்ளாக நின்றது.

பெயின்ட் கடையாக மாறிக்கொண்டிருந்த ஒரு பழைய ஒலிப்பதிவுக் கூடத்திலிருந்து, வேண்டாம் என்று ஒதுக்கிய பெட்டி ஒன்றை எடுத்துக்கொண்டு போகும்படி அவனிடம் சொல்லியிருந்தார்கள். அதற்குள் இருந்தது அந்தத் தட்டு. பெரிய வட்டு. கடையில் விற்பதற்காக அச்சிட்டதில்லை. கூடத்திலேயே மெஷினில் குரலை வரியாகக் கீறி, ஒரே ஒரு பிரதியாக வெட்டியது. நடுவில் வெள்ளைக் காகிதம், அதில் பேனாவால் "சோதனை 7". வேறு ஒரு எழுத்து இல்லை. போட்டுக் கேட்டவன் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றுவிட்டான். ஓர் ஆணின் குரல். சொல் கிடையாது, வெறும் முணுமுணுப்பு. அவசரமே இல்லாத, ஆழமான குரல். இடையிடையே கனத்த கதவை யாரோ பொறுமையாகத் தட்டுவதுபோல ஒரு சத்தம். அந்தத் தட்டலைத் தாளமாக வைத்து, குரலை மேலே ஓடவிட்டு அவன் கட்டிய பாட்டுதான் பத்தாவது. வாழ்நாளில் தான் செய்த நல்ல வேலை இதுதான் என்று அவனுக்குத் தெரியும்.

ஆனால் அந்த ஆள் யார்?

நாலு மாதம் தேடினான். பழைய பாடகர்கள், சேர்ந்திசைக் குழு நடத்தியவர்கள், வானொலியில் வேலை பார்த்தவர்கள் என்று ஒருவரையும் விடவில்லை. கைபேசியில் துணுக்கைப் போட்டுக் காட்டினான். எல்லாரும் தலையாட்டிக் கேட்டார்கள், பிறகு தலையை வேறு விதமாக ஆட்டினார்கள். அந்தக் கூடத்தில் முப்பது வருஷம் ஒலிப்பதிவு செய்த ரெக்கார்டிங் மாஸ்டர் அதே பெயின்ட் கடையின் மாடியில் குடியிருந்தார். அவரும் கையை விரித்தார். "இப்படி ஒரு ஆம்பளைக் குரல் என் ரூமுக்குள்ள வந்ததே இல்ல தம்பி. வந்திருந்தா நான் விட்டிருப்பேனா?"

ரெக்கார்டு கம்பெனியில் சம்மதப் படிவங்களைக் கவனிக்கிற பத்திரக்காரர் பொறுத்துப் பார்த்துவிட்டுத் திங்கட்கிழமை போன் செய்தார். ஊசியைவிட வயதில் சின்னவர், நல்ல மனுஷர்.

"அண்ணே, வெள்ளிக்கிழமை சாயங்காலம் அஞ்சு மணிக்கு எல்லாம் அச்சுக்குப் போகணும். பத்தாவதுக்குப் படிவம் வரலியே."

"ஆள் கிடைக்கலப்பா."

"வேற ஒரு ஆளை வெச்சு அதே மாதிரி முனகச் சொல்லிப் பதிஞ்சுக்கலாம்ணே. எவனுக்குத் தெரியப்போகுது?"

"எனக்குத் தெரியுமே."

"அது சரி. அப்ப ஒன்பது பாட்டா? ஒன்பதும் நல்லாத்தான் இருக்கு."

"நல்லாத்தான் இருக்கு" என்றான் ஊசி. போனை வைத்துவிட்டு அந்தத் தட்டை மறுபடியும் போட்டான்.

அவன் மனைவி நெஞ்சுநோய்ப் பிரிவில் நர்ஸ். மூச்சு விடச் சிரமப்படுகிறவர்களோடு பதினான்கு வருஷம் கழித்தவள். செவ்வாய்க்கிழமை காலை ஷிப்டு முடிந்து வந்ததும் சாப்பாட்டுத் தட்டோடு அவன் வேலை அறைக்குள் வந்தாள். பழைய கம்பளிகளைச் சுவரில் ஆணியடித்து மாட்டிய அறை. உட்காரும் இடத்திலெல்லாம் ரெக்கார்டு. ஓர் அடுக்கை நகர்த்திவிட்டுத் தரையில் உட்கார்ந்தாள்.

"அந்தத் தட்டைப் போடுங்க, கேட்போம்."

"நீ நூறு வாட்டி கேட்டாச்சு சிஸ்டரம்மா."

"சமையல்கட்டுலேர்ந்து கேட்டேன். உட்கார்ந்து கேட்டதில்ல."

ஊசியை ஊதிக் கண்ணை மூடி இறக்கினான். குரல் வந்தது. அவள் மெல்வதை நிறுத்தினாள். சீருடையில் குத்தியிருந்த கடிகாரத்தைத் திருப்பிப் பார்த்தாள். உதடு அசையாமல் எதையோ எண்ணினாள்.

"இவர் உயிரோட இருக்காரா?"

"அதைத்தானே நாலு மாசமா தேடுறேன்."

"அதில்லங்க. பாடும்போது உயிரோட இருந்தாரான்னு கேக்கிறேன்."

ஊசி திரும்பிப் பார்த்தான்.

"ரெண்டு வரிக்கு நடுவுல மூச்சு இழுக்கிறாரே, கவனிச்சீங்களா? பாடுறவங்க அந்த இடத்துல வெடுக்குனு இழுப்பாங்க. இவர் என்னடான்னா கிணத்துலேர்ந்து தண்ணி இறைக்கிற மாதிரி மெதுவா இழுக்கிறார். இப்படி மூச்சு வாங்குறவரைக் கட்டில்ல படுக்கவெச்சு மாஸ்க் மாட்டியிருப்போம், பாட விட்டிருக்க மாட்டோம். ஆனா அடுத்த வரியை ஜம்முனு பாடுறார். குரல் நல்லாருக்கு. மூச்சுதான் மனுஷ மூச்சா இல்ல."

அவனுக்குச் சுருக்கென்றது. இருபத்தைந்து வருஷம் காதால் பிழைத்தவன். "காது எனக்கா உனக்கா?" என்று சொல்ல வாயெடுத்தவன் சொல்லவில்லை. மூச்சு. யாரும் திட்டமிட்டு மூச்சு இழுப்பதில்லை. அது தானாக நடப்பது. அது மெதுவாக நடந்தால் எல்லாமே மெதுவாக நடக்கிறது என்று அர்த்தம்.

டர்ன்டேபிளின் ஓரத்தில் இரண்டு பொத்தான்கள் உண்டு. பெரிய வட்டு நிமிஷத்துக்கு முப்பத்துமூன்று சுற்று. சின்ன வட்டு நாற்பத்தைந்து. இது பெரிய வட்டு. பெரிய வட்டைப் பார்த்தால் விரல் தானாக முப்பத்துமூன்றுக்குப் போகும். அவன் விரலும் அப்படித்தான் போயிருந்தது. கூடத்திலேயே சோதனைக்கு வெட்டிய தட்டு எந்த வேகத்தில் வெட்டப்பட்டது என்று அவன் ஒரு தடவைகூடக் கேட்டுக்கொள்ளவில்லை.

நாற்பத்தைந்தை அழுத்தினான்.

ஒரு பெண் பாடினாள். இளம் பெண். தெளிவான, கொஞ்சம் குறும்பான முணுமுணுப்பு. கதவைத் தட்டுவதுபோல இருந்தது ஏதோ ஒரு சின்னக் குச்சியின் டக் டக் ஆகிவிட்டது. மூச்சு வெடுக்கென்று வந்து போனது.

ஊசியின் காது மடல்கள் சூடாயின. பிறக்கவே பிறக்காத ஓர் ஆணை நாலு மாதமாக ஊரெல்லாம் தேடியிருக்கிறான். கர்வம் ஏறினால் முதலில் அடைப்பது காதுதான். எந்தத் தொழிலிலும் அப்படித்தான்.

அவள் சிரித்திருக்கலாம். ஆயுசுக்கும் சொல்லிக்காட்டியிருக்கலாம். அதையெல்லாம் அடுத்த வாரத்துக்கு எடுத்துவைத்துவிட்டு, சாப்பாட்டுத் தட்டில் மிச்சமிருந்த கடைசி வாய்ச் சோற்றை உருட்டி அவன் முன்னால் நீட்டினாள்.

"காலையிலேர்ந்து சாப்பிடல நீங்க. முதல்ல இதை முழுங்குங்க. அப்புறம் அந்தப் பொண்ணைத் தேடலாம்."

புதன்கிழமை காலை பெயின்ட் கடை மாடிக்கு ஓடினான். கையோடு எடுத்துப்போகிற சின்ன டர்ன்டேபிளை மாஸ்டரின் மேசையில் வைத்துத் தட்டைச் சரியான வேகத்தில் போட்டான். மாஸ்டர் நல்ல காதைத் திருப்பினார். இரண்டாவது வரிக்குள் அவர் தோள் குலுங்க ஆரம்பித்துவிட்டது.

"அடப்பாவி. இவங்களையா ஆம்பளைன்னு கொண்டு வந்தே? இது எங்க டெலிபோன் அம்மா."

கூடத்தின் வாசலில் போன் எடுத்து, யார் எப்போது வரவேண்டும் என்று சீட்டு எழுதிக் கொடுக்கிற வேலை பார்த்தவராம். மைக் சரியாக இருக்கிறதா என்று பார்க்க யாராவது ஏதாவது சத்தம் கொடுக்கவேண்டும். மற்றவர்கள் ஹலோ ஹலோ என்று கத்திவிட்டுப் போவார்கள்.

"இவங்க அப்படி இல்ல தம்பி. புதுசா பாட வர்றவங்க கை கால் உதறிப்போய் உட்கார்ந்திருப்பாங்க. இவங்க தன் சாப்பாட்டு நேரத்தை விட்டுட்டு உள்ள வந்து, மைக் முன்னால நின்னு சும்மா முணுமுணுத்துட்டுப் போவாங்க. போன் எடுக்கிற அம்மாவே இப்படிக் கூச்சமில்லாம நிக்குறாங்களே, நமக்கென்னன்னு வந்தவங்களுக்கு ஒரு தைரியம் வரும். அதுக்காகவே செய்வாங்க. ஒரு நாள் வெட்டுற மெஷினைச் சோதிக்கும்போது அதைத் தட்டுல பிடிச்சேன். பேர் எழுதணும்னு எனக்குத் தோணவே இல்ல பாரு."

கடைசி வாக்கியத்தைச் சொல்லும்போது மாஸ்டருடைய சிரிப்பு நின்றுபோயிருந்தது.

"எங்க இருக்காங்க மாஸ்டர்?"

"எல்லாரும் என்னை மறந்தாச்சு. வருஷா வருஷம் போன் பண்ணி என் காது எப்படி இருக்குன்னு விசாரிக்கிறது அந்தம்மா ஒருத்திதான்" என்று இழுப்பறையைத் திறந்து நம்பரை எடுத்தார்.

வியாழக்கிழமை ஊசி போன் செய்தான். ஓர் ஆண் எடுத்தார். "ரெக்கார்டு கம்பெனியா? நாங்க எதுவும் வாங்குறதா இல்ல" என்று வைத்துவிட்டார். மறுபடி செய்தான். "நேத்து ஒருத்தன் பாய் விக்கக் கூப்பிட்டான், அவனுக்கும் இதையேதான் சொன்னேன்" என்று மறுபடியும் வைத்துவிட்டார். மாஸ்டரிடம் விலாசம் கேட்டு வாங்கிக்கொண்டு, வெள்ளிக்கிழமை மத்தியானம் ஊசி நேரில் போனான்.

மூன்றாவது மாடி. நடைவழியில் துணி காய்ந்தது. கதவைத் திறந்தவர் பனியனோடு, மூக்கு நுனியில் கண்ணாடியோடு, கையில் பேப்பரோடு நின்றார். தண்ணீர் மீட்டர் கணக்கெடுக்கும் வேலையில் இருந்து ஓய்வு பெற்றவர் என்று பிறகு தெரிந்தது.

"போன்லயே சொன்னேனே தம்பி."

"விக்க வரலங்க ஐயா. அம்மாகிட்ட ஒண்ணு கேட்க வந்திருக்கேன். அவங்க பாடினது பத்தி."

"பாடினதா? இவளா? வீடு மாறி வந்துட்டீங்க. இவ முணுமுணுப்பா. நாப்பது வருஷமா காதுக்குள்ள தேனீ வளர்க்கிறேன் நான்."

"அவர் கிடக்கிறார், நீ உள்ள வாப்பா" என்று பின்னாலிருந்து குரல் வந்தது. அறுபத்தைந்து வயதுக் குரல்தான். ஆனால் தட்டில் கேட்ட அதே குறும்பு அதில் அப்படியே இருந்தது.

நடந்ததையெல்லாம் சொன்னான். அந்த அம்மாள் நம்பாமல் கேட்டார். "அதுல பாட்டு ஏதுப்பா? வந்தவங்க பயப்படாம இருக்கட்டும்னு பண்ணது. அதைத் தட்டுல வெட்டினாங்களா? எனக்குத் தெரியவே தெரியாதே."

சாப்பாட்டு மேசையில் டர்ன்டேபிளை வைத்து, ஊசியை ஊதி, கண்ணை மூடித் திறந்து, நாற்பத்தைந்தில் போட்டான். அம்மாள் கையை வாய்மேல் வைத்துக்கொண்டார். நடுவே டக் டக் என்று கேட்டதும் கையை எடுத்து, "அது என் பென்சில். சீட்டு எழுதுற பென்சில். சும்மா இருக்காம மேசையில தட்டிக்கிட்டே இருப்பேன்" என்றார். அவர் கணவர் பேப்பரை மடித்துத் தொடைமேல் வைத்தார். தேனீ பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

இனிமேல்தான் ஊசிக்குக் கஷ்டமான இடம்.

"அம்மா, இதுல நான் ஒரு தப்புப் பண்ணியிருக்கேன். வேகம் தெரியாம மெதுவா ஓடவிட்டேன். உங்க குரல் ஆம்பளைக் குரலா மாறிடுச்சு. அதுன்னே நினைச்சு முழுப் பாட்டையும் கட்டிட்டேன். உங்க குரலை உங்க குரலாவே போடணும்னு நீங்க சொன்னா, பாட்டைப் பிரிச்சு முதல்லேர்ந்து கட்டணும். அது இந்த ரெக்கார்டுல வராது, ஆனா ஒரு நாள் கண்டிப்பா வரும். வேண்டவே வேண்டாம்னு சொன்னா, இந்தத் தட்டை உங்ககிட்டயே குடுத்துட்டுப் போறேன்."

இத்தனை வருஷத்தில் செய்த நல்ல வேலையை மேசைமேல் வைத்துவிட்டு, எடுத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லியாயிற்று. கடவுளுக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றியதில் ஒரு நிம்மதியும், பாட்டுப் போய்விடுமோ என்று ஒரு பயமும் ஒன்றாகவே இருந்தன.

"மெதுவான்னா எப்படி? அதைக் காட்டு."

"இந்தப் பொத்தானை நீங்களே அழுத்துங்கம்மா."

அவர் ஒற்றை விரலால், சூடான பாத்திரத்தைத் தொடுவதுபோல, முப்பத்துமூன்றை அழுத்தினார். ஓடிக்கொண்டிருந்த வட்டு தளர்ந்தது. பாடிக்கொண்டிருந்த இளம் பெண்ணின் குரல் படிப்படியாக இறங்காமல் ஒரே வழுக்காக வழுக்கிக் கீழே போய், அடியில் ஓர் ஆணின் குரலாக நிதானமாக நின்று பாடியது.

அம்மாளின் விரல் பொத்தான்மேலேயே இருந்தது.

"மாமா" என்றார் கணவர். மாமனாரைத்தான் சொன்னார். "மாமா குரல். அப்படியே."

"எங்க அப்பா" என்றார் அம்மாள். ஊசியைப் பார்த்துச் சொல்லவில்லை, வட்டைப் பார்த்துச் சொன்னார். "லாரி ஓட்டினவர். வண்டியைக் கழுவும்போது இப்படித்தான் முனகிக்கிட்டே இருப்பார். அவர் போய் முப்பது வருஷமாச்சு. போட்டோ இருக்கு, ரெண்டு. குரலை யாரும் பிடிச்சு வைக்கல. நமக்கும் தோணல."

தன் தப்புக்குள் இப்படி ஒரு கொடையைக் கடவுள் ஒளித்துவைத்திருந்தால், வெட்கப்படுவதா நன்றி சொல்வதா என்று ஊசிக்குத் தெரியவில்லை. இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்துகொண்டான்.

அம்மாள் நாற்பத்தைந்தை அழுத்தினார். அப்பா மேலேறி மகளானார். முப்பத்துமூன்றை அழுத்தினார். மகள் இறங்கி அப்பாவானாள். மறுபடி, மறுபடி. கண்ணில் நீர் நின்றது, ஆனால் முகம் விளையாடுகிற பிள்ளையின் முகம்.

"தம்பி, உன் பாட்டு மெதுவான குரல்ல இருக்கட்டும். எனக்கு அதுதான் வேணும். ஆனா நேரா அங்க தொடங்காதே. முதல்ல நான் பாடுறேன். அப்புறம் இந்த வழுக்கல் வரட்டும். அதுக்கப்புறம் அவர் பாடட்டும். அப்படிப் போட முடியுமா?"

இருபத்தைந்து வருஷம் வட்டுகளோடு புழங்கியவன் அதைக் கேட்டு நிமிர்ந்து உட்கார்ந்தான். அந்தப் பாட்டின் தொடக்கம் எங்கேயோ இடிக்கிறது என்று ஆரம்பத்திலிருந்தே அவனுக்குத் தெரியும், என்னவென்றுதான் தெரியவில்லை. மூன்றாவது மாடியில் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்துகொண்டு ஒரு டெலிபோன் அம்மாள் அதைச் சரிசெய்துவிட்டார்.

"முடியும்மா. இப்பவே முடியும். நீங்க அழுத்துறதையே பதிஞ்சுக்கிறேன்."

மடிக்கணினியை எடுத்துக் கம்பியைச் சொருகினான். மூன்று தடவை பதிந்தார்கள். முதல் தடவை கணவர் இருமியதில் அம்மாளின் விரல் தவறிப்போனது. இரண்டாம் தடவை, "இப்ப இருமலாமா?" என்று கேட்டார். மூன்றாம் தடவை அவர் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அதைப் பாட்டின் தலையில் ஒட்டி, இணைப்புத் தெரியாமல் இழைத்து, முழுவதையும் போட்டுக் காட்டும்போது மணி நாலு.

படிவத்தை எடுத்து வைத்தான். அம்மாள் பொறுமையாக ஒவ்வொரு கட்டத்தையும் படித்து, முழுப் பெயரையும் எழுதி, கையெழுத்துப் போட்டார். கீழே சாட்சிக்கு ஓர் இடம் இருந்தது.

"ஐயா, நீங்க ஒரு கையெழுத்து."

கணவர் படிவத்தைப் பார்த்தார். தன் பனியனைக் குனிந்து பார்த்தார். "ஒரு நிமிஷம்" என்று உள்ளே போனார். பீரோ திறக்கும் சத்தம் கேட்டது. தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டது. வெளியே வந்தபோது மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை, கழுத்துப் பொத்தான்வரை போட்டிருந்தார். தலை வாரியிருந்தார். முகத்தில் பவுடர்கூட இருந்தது.

அம்மாள் மேலும் கீழும் பார்த்தார். "என்ன, பொண்ணு பார்க்கப் போறீங்களா?"

"சும்மா இரு. கையெழுத்துப் போடுற நேரம்." கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு அச்சிலிருந்ததை உரக்கப் படித்தார். "பாடகருக்குச் சாட்சியின் உறவுமுறை." நிறுத்தினார். திரும்பவும் படித்தார், முதல் சொல்லில் கொஞ்சம் அதிகமாக நின்று. "பாடகருக்கு." பிறகு மீட்டர் கணக்கு எழுதிய அதே கவனத்தோடு, ஒவ்வோர் எழுத்தாக, கணவர் என்று எழுதினார்.

"இதுல ஒரு காப்பி எனக்கு வேணும் தம்பி."

"படம் எடுத்து உங்க போனுக்கே அனுப்பிடுறேன் ஐயா."

"போன்ல என்னத்தைப் பார்க்கிறது? கீழ ஜெராக்ஸ் கடை இருக்கு. நானே போய் எடுத்துட்டு வந்துடுறேன்." ஊசி பாட்டைக் கம்பெனிக்கு அனுப்பிவிட்டுக் கம்பிகளைச் சுருட்டிக்கொண்டிருந்த நேரத்தில், படிவத்தோடு அவர் படியிறங்கிவிட்டார்.

நாலே கால் ஆயிற்று. நாலரை ஆயிற்று. ஊசி ஜன்னலுக்குப் போனான். ஜெராக்ஸ் கடைக்காரர் கல்லாவை விட்டு வெளியே வந்து படிவத்தை வெளிச்சத்தில் பிடித்துப் படித்துக்கொண்டிருந்தார். வெள்ளைச் சட்டை பக்கத்தில் நின்று விரலால் வரியைக் காட்டியது. பிறகு அது சாலையைக் கடந்து சைக்கிள் கடைக்குப் போனது. அங்கே இரண்டு பேர் கையைத் துடைத்துக்கொண்டு எட்டிப் பார்த்தார்கள். அடுத்து தையல் கடை.

"திரும்பி வர்றாரா?" என்று உள்ளேயிருந்து அம்மாள் கேட்டார்.

"இல்லம்மா. முடிவெட்டுற கடைக்குள்ள போறார்."

"அங்க ஏன்? தலையில என்ன இருக்கு அவருக்கு?" என்ற அம்மாள் எழுந்து ஜன்னலுக்கு வரவில்லை. மேசையை ஒரு தடவை துடைத்தார். துடைத்த இடத்தையே மறுபடி துடைத்தார். உதட்டுக்குள் ஒரு முணுமுணுப்பு ஓடிக்கொண்டிருந்தது.

போன் அடித்தது. பத்திரக்காரர். "அண்ணே, மணி நாலே முக்கால். பத்துப் பாட்டா, ஒன்பதா? ஒரு வார்த்தை சொல்லுங்க."

"பத்து."

"கையெழுத்து ஆயிடுச்சா? படிவம் எங்க?"

ஊசி கீழே பார்த்தான். முடிவெட்டும் கடையிலிருந்து, பாதி வெட்டிய தலையோடும் கழுத்தில் துணியோடும் ஒருவர் வாசலுக்கு வந்து, படிவத்தை வாங்கி வாய்விட்டுப் படித்துக்கொண்டிருந்தார்.

"வந்துட்டிருக்குப்பா. வந்ததும் படம் எடுத்து அனுப்புறேன்" என்றான் ஊசி. "வழியில எல்லாரும் அவங்க பேரைப் படிக்கிறாங்க. அஞ்சு நிமிஷம் பொறு."